தொகுப்புக் கோப்பிலிருந்து நிரலை மீட்டல்

அலுவலகப் பயன்பாட்டிற்கான கணிப்பொறி நிரல்கள் பல, ஒரே செயல்கோப்பாகக் கட்டித் தரப்படுகின்றன. ஊதியக் கணக்கீட்டு விதி மாறும்போது நிரலைத் திருத்த மூலநிரல் தேவை. அது அலுவலகத்தின் வசம் இல்லையெனில், செயல்கோப்பையே பிரித்தறிய வேண்டிய நிலை எழுகிறது. பைத்தான் மொழியில் எழுதி, பைஇன்ஸ்டாலர் கருவியால் கட்டப்பட்ட கோப்பை எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம்.

இத்தகைய கோப்பில் பைத்தான் இயக்கி, துணை நூலகங்கள், 'பைட்கோடு' எனும் இடைநிலைக் குறிமுறை ஆகியவை அடங்கியுள்ளன. எனவே மீட்புப் பணி இரு கட்டங்களைக் கொண்டது: பைட்கோடைப் பிரித்தெடுத்தல், அதிலிருந்து படிக்கத்தக்க நிரலை உருவாக்குதல். பிழை எக்கட்டத்தில் நேர்ந்தது என அறிவதே முதற்பணியாகும்.

முதற்கட்டத்தில் மூவகைப் பிழைகள் நேரலாம்.

1. அடையாளக் குறி காணப்படாமை: பைஇன்ஸ்டாலர், கோப்பின் இறுதிப் பகுதியில் ஓர் அடையாளக் குறியை இடுகிறது. அது தென்படவில்லையெனில், கோப்பு வேறு கருவியால் கட்டப்பட்டிருக்கலாம். அல்லது முழுமையாகப் படியெடுக்கப்படாதிருக்கலாம்.

2. பதிப்பு வேறுபாடு: பைத்தான் 3.8இல் கட்டிய கோப்பை 3.11இல் பிரித்தால், உள்ளடங்கிய நூலகக் காப்பகம் திறக்கப்படாமல் போகக்கூடும். கட்டிய பதிப்பிலேயே பிரிப்புக் கருவியை இயக்குவது இதற்குத் தீர்வாகும்.

3. தலைப்பகுதி இன்மை: பைட்கோடு கோப்பின் தலைப்பகுதி 3.3 முதல் 3.6 வரை 12 பைட், 3.7 முதல் 16 பைட். முதல் 4 பைட்டுகள் பதிப்பைக் குறிப்பன. தலைப்பகுதி விடுபட்டிருப்பின், அதே பதிப்பில் உருவான மற்றொரு பைட்கோடு கோப்பிலிருந்து எடுத்துச் சேர்க்கலாம்.

இரண்டாம் கட்டத்தில், மீட்புக் கருவியின் வரம்பே பெரும்பாலும் தடையாகிறது. 'அன்கம்பைல்6' எனும் கருவி 3.8 வரையிலான பதிப்புகளுக்கே உரியது. எவ்வாறாயினும், நிரலர் எழுதிய விளக்கக் குறிப்புகள் மீளா.

மூலக்கோப்பைத் தொடாமல் அதன் படியிலேயே பணியாற்றுதல் வேண்டும். உரிம ஒப்பந்தமும் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டமும் இடமளிக்கின்றனவா என்பதை முன்னரே உறுதி செய்தல் வேண்டும்.

மீட்பு என்பது இறுதி வழியேயன்றி முறையான ஏற்பாடு அன்று. மூலநிரல், பைத்தான் பதிப்பு, துணை நூலகப் பட்டியல் ஆகியவற்றை ஒப்படைத்த பின்னரே இறுதித் தொகை வழங்கப்படும் என ஒப்பந்தத்தில் விதித்தலே சாலச் சிறந்தது. பொதுப்பணத்தில் உருவான நிரல், அதைத் திருத்தும் உரிமையுடனும் வசதியுடனும் துறையின் கைக்கு வந்து சேர வேண்டும்.