நம்பிக்கைகளும் உண்மைகளும்: வழக்குப் போட்டால் சம்பளம் நின்றுவிடுமா?

இலங்கையில் அரச அதிகாரிகள் “இவ்வளவு கட்டு” என்று விடுக்கும் உத்தரவை நீதிமன்றத்தில் எதிர்க்கச் சட்டம் இடம் தருகிறது. பசறை, மடுல்சீமை, ஹாலிஎல, அப்புத்தளைத் தோட்டங்களில் இந்தச் சட்டப் பிரச்சினை நாட்சம்பளத்தையே தொட்டது.

கம்பனி வழக்குப் போட்டதும் சம்பள வர்த்தமானி செத்துவிடும் என்பது பரவலான நம்பிக்கை. வழக்குத் தாக்கல் செய்வதால் மட்டும் எந்த உத்தரவும் நிற்பதில்லை. நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தால்தான் நிற்கும். 1,000 ரூபாய் நாட்சம்பளத்துக்கான வர்த்தமானி 2021 மார்ச் 5இல் வெளியானது. பெருந்தோட்டக் கம்பனிகள் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போயின. ஏப்ரல் 5இல் அந்த நீதிமன்றம் தடை விதிக்க மறுத்தது. வழக்கு நடக்கும்போதே, பேர் போட்ட நாளுக்கெல்லாம் அந்தச் சம்பளத்தைக் கொடுக்கும் கடமை கம்பனிகளுக்கு இருந்தது. 2024இல் நிலைமை மாறியது. 1,700 ரூபாய்க்கான வர்த்தமானியை ஜூலை 4இல் உயர் நீதிமன்றம் இடைநிறுத்தியது. பின்னர் அரசும் அதை மீளப்பெற்றது. செப்டம்பரில் 1,350 ரூபாய் அடிப்படைச் சம்பளம்தான் நடைமுறைக்கு வந்தது. ஆகவே, வழக்கு என்ற செய்தி வந்ததும் தொழிலாளர் முதலில் விசாரிக்க வேண்டியது தடையுத்தரவு உண்டா என்பதைத்தான்.

சம்பளம் போதுமா, கூடுதலா என்று நீதிபதிகள் தீர்மானிப்பார்கள் என்பதும் தவறு. அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின்படி வரும் எழுத்தாணை மனுவில், அதிகாரிக்கு அந்த அதிகாரம் இருந்ததா, சட்டம் சொன்ன வழியில் நடந்தாரா, பாதிக்கப்படுபவரின் பக்கத்தைக் கேட்டாரா என்பவையே பார்க்கப்படும். 1941ஆம் ஆண்டின் சம்பள நிர்ணய சபைகள் கட்டளைச் சட்டப்படி, முதலாளிகளும் தொழிலாளர்களும் இடம்பெறும் சபை ஒரு தொகையைத் தீர்மானித்து, ஆட்சேபங்களுக்கு அவகாசம் கொடுக்க வேண்டும். அமைச்சரின் அங்கீகாரத்துக்குப் பிறகே அது நடைமுறையாகும். ஒரு படி தவறினாலும் கம்பனிக்கு வாதம் கிடைத்துவிடும். கொழுந்து பறிப்பவருக்கு, 2024இல் கொட்டகலை மே தின மேடையில் அறிவிக்கப்பட்ட 1,700 ரூபாயைவிட இந்தப் படிகள் பிசகாமல் நடப்பதே பெரிய பாதுகாப்பு.

ஊழியர் சேமலாப நிதி நிலுவை பற்றிய நம்பிக்கை இதற்கு நேர்மாறானது: கணக்கு பிழை என்று கம்பனி சொன்னால் நீதவான் அதை ஆராய்வார் என்கிறார்கள். 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டம் அதற்கு இடமளிக்கவில்லை. தொழில் ஆணையாளரின் சான்றிதழில் உள்ள தொகையின் சரிபிழையை நீதவான் நீதிமன்றம் கேள்விக்குட்படுத்த முடியாது. தொகை தண்டப்பணம் போல அறவிடப்படும். அதை எதிர்க்க விரும்பும் கம்பனி மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாட வேண்டும். தாமதத்துக்கேற்ப மேலதிகக் கட்டணமும் 5 முதல் 50 சதவீதம் வரை ஏறும். சேவைக்காலம் முடிந்தும் பணம் கைக்கு வராத குடும்பங்களுக்கு இந்த விதி மிகவும் பெறுமதியானது.

எல்லா வழக்குக்கும் கொழும்புக்குத்தான் போக வேண்டும் என்பதும் சரியல்ல. நாடாளுமன்றச் சட்டத்தின் அதிகாரமின்றி எந்த உள்ளூராட்சிச் சபையும் வரி விதிக்க முடியாது என்கிறது அரசியலமைப்பின் 148ஆம் உறுப்புரை. உள்ளூராட்சி மாகாண சபைப் பட்டியலில் இருப்பதால், பிரதேச சபையின் வரிக் கோரிக்கைக்கு எதிரான எழுத்தாணை மனுவைப் பதுளையில் உள்ள மாகாண மேல் நீதிமன்றத்திலேயே தாக்கல் செய்யலாம். அடிப்படை உரிமை மனு என்றால் உயர் நீதிமன்றத்தில், ஒரு மாதத்துக்குள். எழுத்தாணை மனுவுக்கு அப்படி நாள் குறிக்கப்படவில்லை என்றாலும், காரணமற்ற தாமதத்தைக் காட்டியே மனு தள்ளுபடி செய்யப்படலாம்.