மாறுதலோடு சம்பளமும் வர வேண்டும்

அன்புள்ள சகோதரிக்கு,

தருமபுரியிலிருந்து தூத்துக்குடிக்கு மாறுதலாகி வந்து இரண்டு மாதமாகியும் சம்பளம் வரவில்லை. அங்கே எடுத்த மருத்துவ விடுப்பும் ஊதியமில்லா விடுப்பாகப் பதிவாகியிருக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். மில்லர்புரத்தில் வீட்டுக்கு அட்வான்ஸ் கொடுக்க வளையலை அடகு வைத்ததைப் படித்தபோது மனம் பொறுக்கவில்லை. "பழைய ஆபீஸில் கேளுங்கள்" என்று இங்கேயும், "எப்போதோ அனுப்பிவிட்டோம்" என்று அங்கேயும் சொல்கிறார்களாம். இதற்கு நீங்கள் யாரிடமும் கெஞ்ச வேண்டியதில்லை.

தடை எங்கே என்று முதலில் பாருங்கள். பெரும்பாலும் அது இரண்டில் ஒன்றாக இருக்கும். எந்தத் தேதி வரை என்ன சம்பளம் தரப்பட்டது, என்னென்ன பிடித்தம் என்று சொல்லும் கடைசி ஊதியச் சான்று (எல்.பி.சி.) வராமல் புது அலுவலகம் பட்டியல் போடாது. பழைய அலுவலகம் உங்கள் விடுவிப்பைக் 'களஞ்சியம்' என்ற அரசின் ஊதியக் கணினி அமைப்பில் முடிக்காவிட்டால் இங்குள்ள பட்டியலில் உங்கள் பெயரே ஏறாது. இரண்டையும் ஒரே கடிதத்தில் பழைய அலுவலருக்கு எழுதுங்கள். நகலை இங்குள்ள அலுவலருக்கும் துறைத் தலைமைக்கும் அனுப்புங்கள். தபால் பதிவேட்டில் எண் வாங்காமல் திரும்பாதீர்கள். போனில் பேசியதற்கு நாளைக்குச் சாட்சி இருக்காது.

அடுத்து விடுப்பு. மருத்துவச் சான்று, விண்ணப்பம், பணியேற்பு அறிக்கை மூன்றின் நகலையும் இணைத்து, விடுப்பை முறைப்படுத்தக் கேளுங்கள். பணிப்பதிவேட்டில் விடுப்புக் கணக்குப் பக்கத்தை வரிவரியாகச் சரிபாருங்கள். ஜனவரி 1, ஜூலை 1 தேதிகளில் தலா 15 நாள் ஈட்டிய விடுப்பு வரவாகியிருக்க வேண்டும். 240 நாள் வரை சேரும். தமிழக அரசு 2020இல் நிறுத்திவைத்த விடுப்பு ஒப்படைப்பு (விடுப்பைக் கொடுத்துப் பணம் பெறுவது) 2025 அக்டோபர் முதல் மீண்டும் வந்திருப்பதால், அந்தப் பக்கத்தில் விடுபடும் ஒவ்வொரு நாளும் உங்கள் பணம்.

இன்னொன்று. ஊர் மாறும்போது பழைய ஊதிய நிர்ணயத்தைத் தோண்டி, "கூடுதலாகக் கொடுத்துவிட்டோம், பிடிக்கிறோம்" என்பார்கள். உங்கள் தவறு எதுவும் இல்லாமல் கூடுதலாக வந்த பணத்தைக் கீழ்நிலைப் பணியாளர்களிடமிருந்தும், ஓராண்டுக்குள் ஓய்வு பெறுவோரிடமிருந்தும், ஐந்தாண்டுக்கு மேல் கொடுத்துவந்த பிறகும் திரும்பப் பிடிக்கக் கூடாது என்று பஞ்சாப் அரசு - ரஃபீக் மசீஹ் வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தள்ளிப்போட்ட சம்பளத்துக்கு 6 சதவீத வட்டி தரும்படி ஆந்திர அரசுக்கு 2021இல் அதே நீதிமன்றம் உத்தரவிட்டதையும் மனுவில் குறிப்பிடலாம்.

பதில் வராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் பணிப்பதிவேட்டின் நகலைக் கேளுங்கள். 30 நாளுக்குள் பதில் தந்தாக வேண்டும். அதற்கும் அசையாவிட்டால் உங்களைப் போன்ற மாநில அரசு ஊழியர்களுக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இருக்கிறது. சுங்கத்துறை போன்ற மத்திய அரசுப் பணியில் இருப்பவர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். இறுதி உத்தரவு வந்த ஓராண்டுக்குள் போவது அவசியம்.

உழைத்தவருக்கு உடனே பங்கு தருவது உங்கள் புது ஊருக்குப் புதிதல்ல. நீங்கள் வந்து சேர்ந்திருக்கும் தூத்துக்குடிக் கரையில் சலாபம் என்ற முத்துக்குளிப்பு கடைசியாக 1961இல் நடந்தது. அரசு நடத்திய அந்தச் சலாபங்களில் அள்ளிவந்த சிப்பியைக் கரையிலேயே பிரிப்பார்கள். மூன்றில் ஒரு பங்கு குளியாளிகளுக்கு. மிச்சத்தை அரசு ஏலம் விடும். அந்தப் பங்கு போதுமா என்ற கேள்வி தனி. ஆனால் கடலில் மூழ்கி எழுந்தவர் தன் பங்குக்காக இரண்டு மாதம் காத்திருக்கவில்லை. கணினியும் கருவூலமும் உள்ள காலத்தில் வேலை செய்தவரைக் காத்திருக்க வைப்பதற்கு நியாயமே இல்லை.

இதைப் படிக்கும் அலுவலகத் தலைவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். ஊழியரை விடுவிக்கும் வாரத்திலேயே எல்.பி.சி.யையும், விடுப்புக் கணக்கு முடித்த பணிப்பதிவேட்டையும் அனுப்பிவிடுங்கள். அது உங்கள் கடமை, சலுகை அல்ல.

சகோதரி, திங்கட்கிழமையே கடிதத்தைக் கொடுத்துவிடுங்கள். உங்களைப் போலவே மாறுதலில் வந்து மாட்டிக்கொண்டவர்கள் இருந்தால் அவர்களையும் எழுதச் சொல்லுங்கள். சேர்ந்து கேட்டால் சீக்கிரம் நடக்கும்.

அன்புடன்,
உங்கள் கட்டுரையாளர்