இறுதி நோயும் இல்லறத்தார் கடமையும்



மூப்பும் நோயும் எவ்வுயிர்க்கும் உரியவை. முன்னாளில் பெரியோர் தம் இல்லத்திலேயே, உற்றார் சூழ, பஞ்ச நமஸ்காரம் செவியில் விழ உயிர் நீத்தனர். இந்நாளில் பலருடைய கடைசி நாள்கள் மருத்துவமனையின் தீவிரச் சிகிச்சைப் பிரிவில் கழிகின்றன. கண்ணாடிக் கதவுக்கு வெளியே நிற்கும் பிள்ளைகளிடம் மருத்துவர் வந்து, "செயற்கைச் சுவாசக் கருவியைத் தொடரலாமா, நிறுத்தலாமா?" என வினவுகிறார். கொல்லாமையைத் தலையாய அறமாகக் கொண்ட நம் குடும்பத்தார் திகைத்து நிற்கின்றனர். "நிறுத்தச் சம்மதித்தால் தந்தையைக் கொன்ற பாவம் என்னைச் சேருமோ?" என்று மகன் அஞ்சுகிறான். "அவர் சல்லேகனை ஏற்றதாகவே கொள்வோம்" என்று உறவினர் ஒருவர் ஆறுதல் கூறுகிறார். அந்த அச்சமும் சரியன்று. இந்த ஆறுதலும் சரியன்று. ஏன் என்பதை இப்பாடத்தில் காண்போம்.

நம் ஆகமங்கள் தோன்றிய காலத்தில் சுவாசக் கருவி இல்லை. ஆயினும், அவை வகுத்த அளவுகோல் நம்மிடம் உள்ளது. புதிய பொருளையும் பழைய கோலால் அளக்கலாம்.

1. பிராணன்கள் பத்து

உடலோடு கூடிய உயிருக்குப் பத்துப் பிராணன்கள் உண்டென நம் ஆசாரியர்கள் கூறுவர். ஐம்பொறிகள் ஐந்து, மனம், வாக்கு, காயம் ஆகியவற்றின் பலம் மூன்று, சுவாசம் ஒன்று, ஆயு ஒன்று. மனிதர்க்கு இப்பத்தும் உள. இவற்றுள் சுவாசக் கருவி தாங்குவது சுவாசம் ஒன்றையே. ஆயு என்பது ஆயு கர்மத்தின் பயன். அதனை ஒரு நொடியும் நீட்டித் தரும் கருவி உலகில் இல்லை. மருத்துவமும் கருவியும் புறத்தே அமையும் நிமித்தங்கள் மட்டுமே. இதனை உணர்ந்தால், "உயிர் என் கையெழுத்தில் தொங்குகிறது" என்னும் பெரும்பாரம் மகனுடைய தோளிலிருந்து ஓரளவு இறங்கும்.

ஆயினும், "எல்லாம் கர்மம்" என்று கூறிச் சிகிச்சை அளிக்காமல் இருத்தலும் தவறு. ஆகாரம், ஔஷதம், சாத்திரம், அபயம் என்னும் நால்வகைத் தானங்களுள் ஔஷத தானமும் ஒன்றாக வைக்கப்பட்டுள்ளது. நோய் தீரும் வாய்ப்பு உள்ளவரை மருந்தளித்தல் இல்லறத்தார் கடமை.

2. இம்சை எது?

ஓர் உயிரின் பிராணனுக்கு ஊறு நேர்வது மட்டும் இம்சையாகி விடாது. ஊறு செய்பவன் நெஞ்சில் விருப்பு, வெறுப்பு, பேராசை, அசட்டை ஆகியவை இருந்தனவா என்பதே முதன்மையாக ஆராயப்படும். முன்னதைத் திரவிய இம்சை என்றும், பின்னதைப் பாவ இம்சை என்றும் வழங்குவர். அறுவைச் சிகிச்சை செய்யும் மருத்துவர் உடலைக் கீறுகிறார், அவர் கொடியவரல்லர். புன்னகையோடு நஞ்சு கலப்பவன் பாவி. ஆகவே, நோயாளியின் படுக்கையருகில் எடுக்கும் எந்த முடிவையும் இருமுறை அளத்தல் வேண்டும். செயல் யாது? அதன் பின்னுள்ள நோக்கம் யாது?

3. நான்கு செயல்கள்

பேச்சு வழக்கில் நான்கு வேறு செயல்களை ஒன்றாகக் குழப்புகின்றனர். அவற்றைப் பிரித்து அறிவோம்.

(அ) கருணைக் கொலை: துன்பம் பொறுக்காமல், ஊசி மருந்தால் நோயாளியின் உயிரைப் போக்குதல். நம் சமயம் இதனை ஏற்கவில்லை. "மிகுந்த துன்பத்தில் உழலும் உயிரைக் கொன்றால் அதன் துன்பம் விரைவில் தீருமே" என்னும் வாதத்தை அமிர்தசந்திர ஆசாரியர் தம் புருஷார்த்த சித்தியுபாயத்தில் எடுத்துக் கூறி மறுத்துள்ளார். உடல் வீழ்ந்தாலும் வினை உயிரைத் தொடர்ந்து செல்லும் அன்றோ? கொல்லும் கைக்கும் வினை சேர்கிறது. கொல்லப்பட்டவர்க்கும் வினை தீர்ந்தபாடில்லை.

(ஆ) பயனற்ற சிகிச்சையை நிறுத்துதல்: நோய் தீராது என மருத்துவர் பலரும் ஆய்ந்து கூறிய பின்னர், உடலுக்குச் சுமையாக மட்டும் நிற்கும் கருவியை விலக்கி, நோயை அதன் இயல்பான போக்கில் விடுதல். இங்கு மரணத்துக்குக் காரணம் நோய்; கருவியை விலக்கிய கை அன்று. உயிரைப் போக்கும் நோக்கமும் இங்கில்லை. எனவே இதனைக் கொலையோடு ஒப்பிடலாகாது.

ஆனால் நோக்கம் மாறினால் இதே செயல் இம்சையாகும். சொத்துப் பிரிவினைக்காகவோ, சலிப்பினாலோ அவசரப்பட்டால் அது பாவ இம்சை. செலவைத் தாங்க இயலாத ஏழைமை குற்றமன்று. ஆனால் நோய் தீரும் வாய்ப்பும் வசதியும் இருக்கையில், செலவுக்கு அஞ்சிக் கைவிட்டு, அதற்கு அறத்தின் பெயரைச் சூட்டுதல் பெருங்குற்றம். மறுபுறம், "ஊரார் என்ன சொல்வார்களோ" என்று அஞ்சி, மீளாத உடலை மேலும் மேலும் துளைக்க விடுவதும் தயை ஆகாது. அதுவும் மானம் என்னும் கஷாயத்தின் வேலையே.

(இ) வலி தணித்தல்: "வலியைப் பொறுத்தால் வினை கழியுமே, மருந்து எதற்கு?" என்று சிலர் கேட்பர். பரீஷகங்களை விரும்பி ஏற்றுப் பொறுத்தல் முனிவர்க்கு அணி. ஆனால் பிறர் வலியைப் பொறுக்குமாறு நாம் கட்டளையிடுதல் தவம் ஆகாது. மேலும், நோவையே எண்ணி எண்ணி வருந்துவது ஆர்த்த தியானத்தின் வகைகளுள் ஒன்று. புற்றுநோயின் கொடிய வலியில் துடிப்பவர் மனம் மந்திரத்தில் எங்ஙனம் நிற்கும்? வலி தணிந்தால் தரும தியானத்துக்கு இடமுண்டு. பாப்பிச் செடியிலிருந்து பெறப்படும் மார்பின் என்னும் மருந்து இதற்குப் பயன்படுகிறது. 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டக் கட்டுப்பாடுகளால் இம்மருந்து நோயாளிகளுக்குக் கிடைப்பது அரிதாயிருந்தது. 2014ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை எளிதாக்கியது. உரிய அளவில் படிப்படியாக அளிக்கப்படும் மார்பின் வலியைத்தான் போக்கும், உயிரைப் போக்காது. நினைவு தெளிவாக இருக்கும் அளவில் மருந்தை அமைக்குமாறு மருத்துவரைக் கேட்டுக்கொள்ளலாம்.

(ஈ) சல்லேகனை: இது மேற்கூறிய மூன்றினும் வேறானது. இது சிகிச்சை முறையன்று, விரதம்.

4. சல்லேகனையின் இலக்கணம்

உடலையும் கஷாயங்களையும் முறையாக மெலியச் செய்தலே சல்லேகனை. விலக்க இயலாத இடையூறு, பஞ்சம், மூப்பு, மருந்தில்லா நோய் ஆகியவை நேர்ந்தவிடத்து, அறத்தின் பொருட்டு உடலை விடுதல் என்று சமந்தபத்திர ஆசாரியர் இரத்தினகரண்ட சிராவகாசாரத்தில் வரையறுத்துள்ளார். முதலில் பகையையும் பற்றையும் துறந்து, உற்றாரிடம் மன்னிப்பு வேண்டி, தாமும் மன்னித்தல் வேண்டும். அதன்பின் திட உணவை விட்டுப் பால் போன்றவற்றையும், பின்னர் அவற்றையும் குறைத்து வெந்நீரையும் கொண்டு, முடிவில் அனசனம் ஏற்றல் முறை.

இதன் ஐந்து அதிசாரங்களை நினைவிற் கொள்க: இன்னும் வாழவேண்டும் என்னும் ஆசை, விரைவில் இறக்கவேண்டும் என்னும் ஆசை, நண்பர்பால் பற்று, முன் நுகர்ந்த இன்பத்தை நினைத்தல், மறுமையில் பயன் வேண்டல். "சீக்கிரம் சாக வேண்டும்" என்று விரும்புவதே இங்குக் குற்றமாக எண்ணப்படுகிறது. தற்கொலைக்கும் சல்லேகனைக்கும் உள்ள தொலைவை இவ்வொன்றே காட்டும்.

நம் தமிழ்நாட்டிலேயே இதற்குச் சான்று உண்டு. செஞ்சிக்கு அருகில் திருநாதர்குன்றில், இருபத்துநான்கு தீர்த்தங்கரர் திருவுருவங்கள் செதுக்கப்பட்ட பாறையைப் பலரும் தரிசித்திருப்பீர்கள். அங்குள்ள பழங்கல்வெட்டு, சந்திரநந்தி ஆசிரியர் 57 நாள் அனசனம் நோற்று உயிர் நீத்ததைக் குறிக்கும் நிசீதிகை. அண்மைக் காலத்தில், ஆசாரிய சாந்திசாகரர் 1955ஆம் ஆண்டு குந்தல்கிரியில் சல்லேகனை ஏற்றார். கண்பார்வை மங்கியமையால், நடக்கும்போது சிற்றுயிர்களைக் காத்து நடத்தல் இயலாது போயிற்று என்பதே அவர் கொண்ட காரணம். வாழ்வில் வெறுப்பு அன்று. அறம் வழுவலாகாது என்னும் உறுதி.

இனி உறவினர் கூறிய ஆறுதலுக்கு வருவோம். விரதம் என்பது தன் நினைவோடு, தன் விருப்பால், ஆசாரியர் அனுமதியோடு ஏற்பது. நினைவிழந்து கிடப்பவர் எந்த விரதத்தையும் ஏற்க இயலாது. அவர் சார்பில் பிறர் ஏற்பதும் கூடாது. உணவை நிறுத்திவிட்டு அதற்குச் சல்லேகனை என்று பெயரிடுதல் அப்புனித விரதத்துக்கு இழுக்கு. நினைவுள்ள முதியவரையும், "நீங்கள் ஏற்றால் குலத்துக்குப் பெருமை" என்று தூண்டலாகாது. நம் பெருமைக்காக இன்னொருவர் உயிர் விடுவது எவ்வாறு அகிம்சை ஆகும்?

சிவாரியர் இயற்றிய பகவதி ஆராதனை, சல்லேகனை ஏற்ற துறவிக்குப் பணிவிடை செய்ய 48 துணைவரை விதிக்கிறது. உடலைத் தாங்குவோர், அறவுரை கூறுவோர், வாயில் காப்போர் எனப் பணி பகிரப்படுகிறது. இறப்பவரைத் தனியே விடலாகாது என்பதே இதன் உட்பொருள். 1993ஆம் ஆண்டு கோழிக்கோட்டில் தொடங்கிக் கேரளம் எங்கும் பரவிய வலிதணிப்பு இயக்கத்தில், அண்டை அயலார் தொண்டர்களாகி நோயாளியின் இல்லம் தேடிச் செல்கின்றனர். அந்த 48 துணைவரின் பணியை இவர்கள் வேறொரு பெயரால் செய்கின்றனர் என்பேன்.

5. சட்டம் கூறுவது

2015 ஆகஸ்டு 10 அன்று இராசத்தான் உயர் நீதிமன்றம் சல்லேகனையைக் குற்றமெனத் தீர்ப்பளித்தது. நாடெங்கும் சமணர் அமைதி ஊர்வலம் நடத்தினர். அதே மாதம் 31ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்புக்குத் தடை விதித்தது.

2018 மார்ச்சு 9 அன்று, உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு, கண்ணியத்தோடு இறத்தலும் வாழ்வுரிமையின் பகுதியே என்று கூறி, மீளாத நோயில் செயற்கைக் கருவிகளை விலக்க இசைந்தது. ஒருவர் தம் விருப்பத்தை முன்கூட்டியே எழுதி வைக்கவும் வழி செய்தது. 2023ஆம் ஆண்டு அவ்விதிகள் எளிதாக்கப்பட்டன. இரு சாட்சிகள் முன் கையொப்பமிட்டு, நோட்டரி அல்லது அரசிதழ்ப் பதிவு பெற்ற அலுவலரிடம் சான்று பெற்றால் போதும். கருவியை விலக்குமுன் இரண்டு மருத்துவக் குழுக்கள் ஆய்ந்து இசைய வேண்டும். ஊசியால் உயிர் போக்கும் கருணைக் கொலைக்கு இத்தீர்ப்புகள் இடமளிக்கவில்லை.

மூளைச்சாவு இதனினும் வேறானது. 1994ஆம் ஆண்டின் உறுப்பு மாற்றுச் சட்டப்படி, மருத்துவர் நால்வர் குழு ஆறு மணி நேர இடைவெளியில் இருமுறை சோதித்து உறுதி செய்தால், அது சட்டப்படி மரணமே. அந்நிலையில் உறுப்புகளை அளிப்பது, பிறிதோர் உயிர்க்கு அபயமும் ஔஷதமும் ஒருங்கே அளித்தல் போன்றது.

6. இல்லத்தில் செய்யத்தக்கவை

முதியோர், நலமாக இருக்கும்போதே தம் விருப்பத்தை எழுதி வைத்தல் நன்று. பிள்ளைகளைத் திகைப்பில் நிறுத்தாமல் காப்பதும் ஒரு தயையே. எழுபதைக் கடந்த யானும் எழுதி வைத்துள்ளேன்: "நோய் தீருமாயின் சிகிச்சை செய்க. தீராதாயின் கருவிகள் வேண்டா. வலிக்கு மருந்து தருக. நினைவு இருந்தாலும் இல்லாவிட்டாலும் செவியருகில் மந்திரம் ஓதுக."

பிள்ளைகள், முடிவைத் தனியொருவர் தலையில் சுமத்தாமல் கூடிப் பேசுக. மருத்துவரிடம் மூன்று கேள்விகள் கேட்க: இச்சிகிச்சையால் நோய் தீருமா? தீராதெனின் இது எத்துன்பம் தரும்? வலி தணிக்க என்ன வழி? இரவுண்ணா விரதம் உடையவர்க்குக் குழாய்வழி உணவு அளிப்பதாயின், பகலிலேயே முடிக்க இயலுமா என்பதையும் கேட்டறிக. இறுதி நாள்களில் பசி தானே அடங்கும். வற்புறுத்தி ஊட்டினால் உணவு மூச்சுக்குழலில் புகுந்து இன்னல் செய்யும். அப்போது உதடுகளை நனைத்தலே போதிய பணிவிடை.

சிந்தனை வினாக்கள்

1. பத்துப் பிராணன்கள் யாவை? சுவாசக் கருவி தாங்குவது எதனை?
2. கருவியை விலக்கும் ஒரே செயல் எப்போது தயை, எப்போது இம்சை? உதாரணம் தருக.
3. "விரைவில் இறக்கவேண்டும்" என்னும் ஆசை சல்லேகனைக்கு ஏன் மாசு ஆகிறது?
4. நினைவற்ற ஒருவர்க்குப் பிறர் விரதம் ஏற்பிக்கலாகாது என்பதற்குக் காரணம் கூறுக.
5. உங்கள் இல்லத்துப் பெரியவரின் விருப்பம் யாதென உங்களுக்குத் தெரியுமா? தெரியாதெனில், இவ்வாரமே அருகில் அமர்ந்து கேட்டு அறிக.

வாழ்க அறம்! வளர்க அகிம்சை!