கணக்குப் போட்டவர்கள் மட்டுமா?

நம்பிக்கை: நாசாவின் தொடக்க காலத்தில் கறுப்பினத்தவரின் பங்கு, சில பெண்கள் திரைக்குப் பின்னால் கணக்குப் போட்டுக் கொடுத்ததோடு சரி.

உண்மை: 2016-இல் வந்த ‘ஹிடன் ஃபிகர்ஸ்’ படத்தால் நாசாவின் கணிதவியலாளர் கேத்தரின் ஜான்சனைப் பலரும் அறிவோம். 1962-இல் விண்ணுக்குக் கிளம்புமுன் ஜான் க்ளென், கம்ப்யூட்டர் போட்ட கணக்கை அவர் சரிபார்க்கட்டும் என்று கேட்டது மெய்தான். ஆனால் அதே படத்தில் வரும் மேரி ஜாக்சன் பொறியாளர். 1958-இல் அந்தப் பதவிக்கு வருவதற்கு, வெள்ளையர் பள்ளியில் நடந்த வகுப்பில் உட்காரவே அவர் ஹாம்ப்டன் நகர நிர்வாகத்திடம் மனுப்போட வேண்டியிருந்தது.

இன்னொரு கறுப்பினத்தவரான விஞ்ஞானி ஜார்ஜ் கரதர்ஸ் அந்தப் படத்தில் இல்லை, அவர் காலமும் பிந்தியது. பத்து வயதில் தானே தொலைநோக்கி செய்த இவர், அமெரிக்கக் கடற்படை ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தவர். நட்சத்திரங்களின் தொலைப் புற ஊதாக் கதிர்களைப் பூமியின் காற்றுமண்டலம் விழுங்கிவிடுவதால், தரையிலிருந்து அவற்றைப் பார்க்க வழியில்லை. அதற்கென அவர் வடிவமைத்த கேமராவை 1972 ஏப்ரலில் அப்போலோ 16 நிலவுக்குக் கொண்டுபோனது. தங்க முலாம் பூசி, முக்காலியில் நிறுத்திய கருவி. வெயில் படக்கூடாது என்பதால் விண்வெளி வீரர்கள் அதைத் தரையிறங்கு கலத்தின் நிழலில் வைத்தார்கள். நிழல் நகர நகர அதையும் நகர்த்தினார்கள். குறி பார்த்துத் திருப்பியதும் கையால்தான். பிலிம் மட்டும் ஊர் திரும்பியது. பூமியைச் சூழ்ந்த ஹைட்ரஜன் ஒளிவட்டம் அதில் பதிந்திருந்தது. வேறொரு உலகின் தரையில் மனிதர் நிறுவிய முதல் வானாய்வுக்கூடம் அதுதான். அந்தப் பயணத்தில் விண்வெளி வீரர் ஜான் யங் நிலவில் வண்டி ஓட்டிய படத்தை ஆயிரம் முறை போட்டுக்காட்டுகிறார்கள்; அவர் திருப்பி வைத்த கேமரா யாருடையது என்று கேட்டால் விழிக்கிறோம்.

நம்பிக்கை: ‘ஹிடன் ஃபிகர்ஸ்’ படத்தில் வருவதுபோல், வெள்ளைக்கார மேலதிகாரி கழிப்பறைப் பலகையை அடித்து நொறுக்கியதும் பாகுபாடு ஒழிந்தது.

உண்மை: அந்த அதிகாரியே கற்பனைப் பாத்திரம், காட்சியும் அப்படியே. நடந்த கதை இன்னும் சுவாரசியமானது. 1940-களில், பின்னாளில் நாசாவின் அங்கமான லாங்லி ஆய்வு மைய உணவகத்தில் கறுப்பினப் பெண்களுக்கென்று ஒதுக்கிய மேசைமேல் ஒரு பலகை இருக்கும். அங்கே கணக்கு வேலை பார்த்த மிரியம் மான் அதை எடுத்துக் கைப்பைக்குள் போட்டுக்கொள்வார். புதுப் பலகை வரும். அதையும் எடுப்பார். வைத்தவர்கள்தான் கடைசியில் சலித்துப்போய் விட்டுவிட்டார்கள். படம் எடுத்தவர்கள் இதை விட்டுவிட்டு, பலகையை உடைக்க ஒரு வெள்ளைக்காரரைத் தேடிப் பிடித்திருக்கிறார்கள்.