வேலையில் மனநிறைவு காண 'இக்கிகாய்'

"இன்றும் வேலைக்குப் போகவேண்டுமா?" என்று காலையில் தோன்றுகிறதா? அவ்வப்போது அப்படித் தோன்றுவது இயல்பு. நாள்தோறும் தோன்றினால் உங்கள் மனநலத்தைக் கவனியுங்கள். ஜப்பானியர்களின் 'இக்கிகாய்' எனும் கருத்து உங்களுக்கு உதவலாம்.

இக்கிகாய் என்றால் என்ன?

'இக்கி' என்றால் வாழ்வு. 'காய்' என்றால் பயன், மதிப்பு. "இதற்காக வாழலாம்" என்று உங்களை எண்ண வைப்பது எதுவோ, அதுவே உங்கள் இக்கிகாய்.

விருப்பம், திறமை, உலகின் தேவை, சம்பளம் ஆகிய நான்கு வட்டங்கள் கொண்ட படத்தை நீங்கள் பார்த்திருக்கலாம். அது ஜப்பானில் தோன்றியதன்று. 2014க்குப் பிறகு மேலைநாடுகளிலிருந்து பரவியது. நான்கும் பொருந்தும் வேலை கிடைத்தால்தான் நிறைவு என்பதில்லை. பேரப்பிள்ளைகள், தோட்டம், தொண்டூழியம் ஆகியவையும் இக்கிகாய் ஆகலாம்.

உடல்நலத்துக்கும் தொடர்பு உண்டா?

ஜப்பானின் ஒசாக்கி வட்டாரத்தில், 40 முதல் 79 வயது வரையிலான 43,391 பேர் சுமார் 7 ஆண்டுகள் கண்காணிக்கப்பட்டனர். 2008ல் வெளியான முடிவுகளின்படி, இக்கிகாய் இல்லை என்றவர்களிடையே இறப்பு விகிதம் அதிகமாக இருந்தது. இக்கிகாய் ஆயுளைக் கூட்டும் என்பதற்கு இது உறுதியான சான்றன்று. ஆயினும், மனநிறைவையும் உடல்நலத்தின் ஓர் அங்கமாகக் கருதவேண்டும் என்பதை இது உணர்த்துகிறது.

நீங்கள் என்ன செய்யலாம்?

• உங்கள் வேலையால் பயன்பெறுபவர் யார் என்று எண்ணிப் பாருங்கள். துப்புரவாளர் சுத்தம் செய்த தளத்தில்தான் நோயாளி பாதுகாப்பாக நடக்கிறார்.
• அன்றாடப் பணிகளில் ஒன்றையாவது ரசித்து, நேர்த்தியாகச் செய்யுங்கள்.
• புதிதாகச் சேர்ந்தவருக்கு உங்களுக்குத் தெரிந்ததைக் கற்றுக்கொடுங்கள்.
• வேலைக்கு வெளியேயும் ஒரு பிடிப்பை வளர்த்துக்கொள்ளுங்கள். பணி ஓய்வுக்குப் பிறகு அது துணைநிற்கும்.

ஓய்வும் தேவை

அளவுக்கு மீறிய வேலையால் நேரும் மரணத்தை ஜப்பானியர்கள் 'கரோஷி' என்கின்றனர். அதைத் தடுக்க அந்நாடு 2014ல் சட்டம் இயற்றியது. வேலை எவ்வளவு பிடித்திருந்தாலும் தூக்கத்தையும் குடும்ப நேரத்தையும் விட்டுக்கொடுக்காதீர்கள். நீண்ட வேலை நேரம், குறைந்த சம்பளம், மரியாதைக் குறைவு ஆகியவற்றை மனப்போக்கை மாற்றுவதால் மட்டும் சரிசெய்ய முடியாது. மேலாளரிடமோ தொழிற்சங்கத்திடமோ பேசுங்கள்.

எப்போது உதவி நாடவேண்டும்?

மனச்சோர்வு, தூக்கமின்மை, எதிலும் நாட்டமின்மை ஆகியவை இரண்டு வாரங்களுக்கு மேல் நீடித்தால் மருத்துவரைப் பாருங்கள். உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணம் வந்தால் காத்திருக்க வேண்டாம். உடனே உதவி நாடுங்கள்.

இன்றிரவு உறங்குமுன் ஒரு கேள்வி: இன்று உங்களால் யாருக்குப் பயன் கிடைத்தது?