தூசி பிடித்த வடிகட்டி

மட்டாஞ்சேரியில் ஓர் ஆட்டோ ஓட்டுநர். அவர் வண்டியின் ஏர் பில்டரை மாற்றினார். பழையதை வீட்டுக்குக் கொண்டு வந்தார்.

"குப்பையோடு கொளுத்திவிடலாம்" என்றார்.

"வேண்டாங்க. பிரம்மபுரம் மறந்துபோச்சா?" என்று மனைவி தடுத்தார்.

பிரம்மபுரத்தில் கொச்சியின் குப்பைமேடு இருந்தது. 2023 மார்ச் 2 அன்று அங்கே தீப்பிடித்தது. பிளாஸ்டிக் குப்பை எரிந்தது. நகரைப் புகை சூழ்ந்தது. மக்கள் மூச்சுத் திணறினார்கள். தீயை முழுதும் அணைக்கப் பல நாள் ஆனது.

ஏர் பில்டர் என்பது காற்று வடிகட்டி. அது தூசியைப் பிடித்து வைக்கும். அதில் தாள், ரப்பர், பிளாஸ்டிக் இருக்கும். எரித்தால் நச்சுப் புகை வரும். தட்டினால் தூசி மூச்சில் ஏறும்.

என்ன செய்யலாம்?

தட்டாமல் ஒரு பையில் போடுங்கள். வாயை இறுக்கிக் கட்டுங்கள். ஈரம் படாமல் வையுங்கள். அடுப்பருகே வைக்காதீர்கள். பிள்ளைகள் கைக்கு எட்டக்கூடாது. பிறகு சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள்.

ஓட்டுநரும் அப்படியே செய்தார். குப்பை வாங்க ஹரித கர்ம சேனைப் பெண்கள் வீட்டுக்கு வருவார்கள். அவர்களைக் கேட்டுத் தனியாகக் கொடுக்க எண்ணினார்.

"அடுத்த முறை பட்டறையிலேயே கொடுத்துவிடுங்க" என்றார் மனைவி.

பதில் எழுதுங்கள்:
1. வடிகட்டியை ஏன் எரிக்கக் கூடாது?
2. உங்கள் ஊரில் குப்பையை யாரிடம் கொடுக்கிறீர்கள்?