நாடகாசிரியர் இராட் செர்லிங்

கூறக் கருதியதை நேரே கூறாது, பிறிதொன்றைக் கூறி அதனை உய்த்துணர வைத்தலை நம் முன்னோர் பிறிதுமொழிதல் என்னும் அணியாகப் போற்றினர். நம் அணியிலக்கணத்தைக் கல்லாதவராயினும், காலத்தின் நெருக்கடியால் இம்முறையைக் கைக்கொண்ட எழுத்தாளர் ஒருவர் அமெரிக்க நாட்டில் வாழ்ந்தார். அவரே தொலைக்காட்சி நாடகாசிரியரும் தயாரிப்பாளருமாகிய இராட் செர்லிங்.

இவர் 1924ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 25ஆம் நாள் நியூயார்க் மாநிலத்துச் சிரக்யூஸ் நகரில் யூதக் குடும்பமொன்றிற் பிறந்து, பிங்காம்டன் என்னும் ஊரில் வளர்ந்தார். 1943இல் பள்ளிப்படிப்பு முடிந்ததும் படையிற் சேர்ந்து, வான்குடை வீரராகப் பிலிப்பைன்ஸ் தீவுகளிற் பொருது புண்பட்டார். போர் தந்த கொடுங்கனவுகள் பின்னரும் அவரை விட்டு நீங்கவில்லை. ஊர் திரும்பியபின் ஓகையோ மாநிலத்து ஆன்டியாக் கல்லூரியிற் பயின்று 1950இல் பட்டம் பெற்று, வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் எழுதலானார்.

அக்காலத்துத் தொலைக்காட்சி நாடகங்கள் பல, நடிகர் நடிக்கும் அப்பொழுதே வீடுகளுக்குச் சென்று சேர்ந்தன. காட்சிகளைப் பதியும் நாடா 1956இல்தான் வழக்கிற்கு வந்தது. 1955ஆம் ஆண்டு ஜனவரி 12ஆம் நாள் செர்லிங்கின் 'பேட்டர்ன்ஸ்' என்னும் நாடகம் ஒளிபரப்பாயிற்று. பெருநிறுவனமொன்றில் நெடுநாள் உழைத்த முதியவரை இழிவுசெய்து வெளியேற்ற முனையும் தலைவரையும், அம்முதியவரின் இடத்திற்கென அழைத்துவரப்பட்ட இளைஞரின் மனப்போராட்டத்தையும் அது காட்டியது. மக்கள் அதனைப் பெரிதும் விரும்பினமையின், அடுத்த திங்களே நடிகர்கள் மீண்டும் கூடி அதனை நடித்தனர். செர்லிங் ஒரே இரவிற் புகழ்பெற்றார் எனலாம்.

புகழ் வந்தது, உரிமை வரவில்லை. நாடகத்திற்கு வேண்டும் பொருளை வணிக நிறுவனங்கள் தம் விளம்பரத்தின் பொருட்டு அளித்தன. பொருள் அளிப்போர் கதையிலும் கைவைத்தனர். 1955இல் மிசிசிப்பி மாநிலத்தில் எம்மெட் டில் என்னும் 14 வயதுக் கறுப்பினச் சிறுவன் கொலையுண்டான். குற்றஞ்சாட்டப்பெற்ற வெள்ளையர் இருவரும் விடுதலை பெற்றனர். இக்கொடுமை கண்டு நெஞ்சு பொறாத செர்லிங், 1956இல் 'நூன் ஆன் டூம்ஸ்டே' என்னும் நாடகத்தை எழுதினார். தென்மாநிலத்தவர் சினம் கொள்வரே என்று அஞ்சியோர், கதை நிகழும் ஊரை வடகிழக்கிலுள்ள நியூ இங்கிலாந்துப் பகுதிக்கு மாற்றினர். கொலையுண்டவன் யாரோ ஓர் அயல்நாட்டவன் ஆனான். கோக்கோ கோலா புட்டி தென்னாட்டை நினைவூட்டும் என்று அதனையும் அரங்கினின்று அகற்றியதாகச் செர்லிங் பின்னர்க் கூறினார். ஒரு புட்டிக்கு அஞ்சிய அச்சத்தை என்னென்பது! நாடகத்தின் உயிரை எடுத்துவிட்டு உடலை மட்டும் அரங்கேற்றினர்.

ஆயினும் செர்லிங் எழுதுகோலைக் கீழே வைத்தாரல்லர். 1959ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள் 'ட்வைலைட் ஸோன்' என்னும் தொடரைத் தொடங்கினார். தாமே தயாரிப்புப் பொறுப்பை ஏற்று, ஒவ்வொரு நாடகத்திற்கும் முன்னுரையும் தாமே கூறினார். 1964 வரை ஒளிபரப்பான 156 நாடகங்களுள் 92 அவர் எழுதியவை. அக்கதைகளில் வேற்றுக்கோள் மாந்தரும் மாய நிகழ்ச்சிகளும் மலிந்திருந்தன. மனிதன் பேசினால் தடுத்தவர்கள், செவ்வாய்க்கோள் வாசி அதையே பேசியபோது வாளாவிருந்தனர்!

1960இல் வந்த ஒரு கதையைக் கேளுங்கள். மேப்பிள் தெருவில் ஒரு மாலைப்பொழுதில் விளக்குகள் அணைகின்றன, வண்டிகளும் ஓடவில்லை. வேற்றுக்கோளினர் மனித வடிவில் நம்மிடையே இருப்பர் எனத் தான் படித்த கதையை ஒரு சிறுவன் கூறுகிறான். நேற்றுவரை நட்புப் பூண்டிருந்த அண்டை வீட்டார் ஒருவரையொருவர் ஐயுறுகின்றனர். இருளில் நடந்துவந்த ஒருவரைப் பகையெனக் கருதிச் சுட்டு வீழ்த்துகின்றனர், அவரோ அத்தெருவினரே! குன்றின் மேல் நின்று விளக்குகளை இயக்கும் வேற்றுக்கோளினர் இருவர், இம்மக்களை வெல்லப் படைக்கலம் வேண்டா என்று தெளிகின்றனர். பொதுவுடைமையர் என ஐயுற்று அயலாரைக் காட்டிக்கொடுத்த கொடுமையை அந்நாடு கண்டு சில ஆண்டுகளே ஆகியிருந்தன. கதையின் உட்பொருளை அறிய அவர்களுக்கு உரையாசிரியர் வேண்டியதில்லை.

திரைப்படத் துறையிலும் அவர் எழுதினார். 1968இல் வெளிவந்த 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' படத்தின் திரைக்கதையை மைக்கேல் வில்சன் என்பாரோடு சேர்ந்து ஆக்கினார். இதாகாக் கல்லூரியில் மாணவர்க்கு எழுத்துக்கலையும் பயிற்றினார். 'ட்வைலைட் ஸோன்' தொடரில் தமக்கிருந்த உரிமையை முன்னரே ஒளிபரப்பு நிறுவனத்திற்கு விற்றுவிட்டமையால், அது மீண்டும் மீண்டும் ஒளிபரப்பாகி ஈட்டிய பெரும்பொருள் அவரைச் சேரவில்லை. நெஞ்சுநோய்க்காக அறுவை மருத்துவம் செய்யப்பெற்ற அவர், 1975ஆம் ஆண்டு ஜூன் 28ஆம் நாள், தம் 50ஆம் வயதில், ராச்செஸ்டர் நகரில் உயிர் நீத்தார்.